பச்சைக் கரை

நான் செத்து இருநூற்றுப் பத்து எபிசோடு ஆகிறது.
பேட்டை ரயில்வே கேட் அடைத்திருக்கையில்
பக்கத்து பைக்காரர் ஹெல்மெட்டைத் தூக்கிப் பார்க்கிறார்.
'அண்ணாச்சி, நீங்க போய்ச் சேந்துட்டியள்லா?'
'ஆமா, பால் வாங்க வந்தேன்.'
செங்கோட்டை வண்டி கடந்து போகும்வரை
இரண்டு பேரும் சிரித்துக்கொண்டிருக்கிறோம்.

மின்வாரியத்தில் ரீடிங் எடுக்கிற வேலை,
மெடிக்கல் லீவில் சினிமா.
முதல் படத்தில் பிணத்தைச் சுற்றி அழுகிற கூட்டத்தில் ஒருத்தன்.
கடைசியில் பிணமே நான்தான்.
பதவி உயர்வு வர முப்பத்தோரு வருசம்.
நடுவில் ஏட்டையா,
வட்டிக்காரன் காலில் விழுகிறவன்,
மறுபடி ஏட்டையா.
என் இடுப்பளவு காக்கி டெய்லருக்கு மனப்பாடம்.
இன்ஸ்பெக்டராக மட்டும் எவரும் ஆக்கவில்லை.

ஒரு படம், கதை நம்ம பக்கம்.
வட்டார வழக்கு சொல்லித்தர வந்த தம்பிக்கு ஊர் செங்கல்பட்டு.
நான் 'வாரும்வே, இரியும்' என்றேன்.
'ஐயா, திருநெல்வேலி பத்தலை, இன்னும் போடுங்க.'
வாக்கியத்துக்கு நாலு 'ஏலேய்' போட்டேன்.
கொக்கிரகுளத்தில் எவனும் அப்படிப் பேசி நான் கேட்டதில்லை.
தியேட்டரில் விசிலடித்தவன் பூராவும்
கொக்கிரகுளத்துக்காரன்.

டைட்டிலில் 'கோமதிநாயகம்' என்று முழுசாய் வந்தது
இரண்டே தடவை.
மற்றதெல்லாம் 'கோமதி'.
வரி பிடித்த காகிதத்தில் 'திருமதி கோமதி'.
வடிவு அதை ஃப்ரிட்ஜில் ஒட்டிவைத்து
வந்தவர்களுக்கெல்லாம் காட்டினாள்.

சீரியலில் எனக்கு மாரடைப்பு. மாடிப்படி, ஒரே டேக்.
நெல்லை எக்ஸ்பிரஸில் மேல் பெர்த்தில் படுத்து
ஊர் வந்து சேர்கையில் போன்:
'ஐயா, நல்ல போட்டோ ஒண்ணு தட்டிவிடுங்க, மாலை போடணும்.'
வண்ணார்பேட்டை மண்டபத்தில்,
தங்கச்சி மகன் கல்யாணத்தில்,
நாங்கள் இரண்டு பேரும் நின்ற படம்.
அதைத்தான் அனுப்பினேன்.
வெட்டியவனுக்கு என்ன அவசரமோ,
என் இடது தோளோரம் விரற்கடை அகலத்துக்கு
அவள் சேலையின் பச்சைக் கரை நின்றுவிட்டது.
முதல் நாள் டிவியில் பார்த்து
அடுப்படியிலிருந்து கரண்டியோடு ஓடிவந்தாள்.
'பாத்தியளா, எஞ் சேலையும் நடிச்சிருக்கு.
அதுக்குத் தனியா துட்டு கேளுங்க.'

கேட்கவில்லை. படத்துக்குச் சம்பளம் கிடையாது,
தொங்குவதற்கு எவன் தருவான்?

ஐப்பசியில் அந்தச் சேலையைத்தான் அவளுக்கு உடுத்தினார்கள்.
கருப்பந்துறையில் தூறல். ஆறு கலங்கிப் போயிற்று.
மூத்தவன் கேட்கிறான், அம்மா படம் எப்போ மாட்ட என்று.
ஃப்ரேம் கடைக்காரர் ஊரில் இல்லை என்கிறேன்.
மூன்று மாசமாய் அவரும் ஊரில் இல்லை.

ஏழரைக்கு உட்காருகிறேன்.
கதையில் என் மருமகள் விளக்கேற்றுவாள், விசும்புவாள்,
சொத்தைப் பற்றிப் பேசுவாள்.
அந்த ஆளை நான் பார்ப்பதில்லை;
முப்பத்தோரு வருசமாய்ப் பார்த்த மூஞ்சி.
ஓரத்தில் பச்சை.
சில நாள் நாலு செகண்ட்.
சில நாள் அந்தப் பெண்ணின் கை மறைத்துவிடும்.
அப்போது காலை பத்தரைக்கு மறுஒளிபரப்பு,
கை எப்படியும் அதே இடத்தில்தான் இருக்கும், தெரியும்,
இருந்தாலும்.

நேற்று மேனேஜர் பேசினார்.
'ஐயா, கதைல புது வீடு. செவுரு பெருசு.
படம் பெருசா வேணும்.
நீங்க மட்டும் தனியா இருக்கிறதா அனுப்புங்க,
பழசுல ஓரத்துல என்னமோ துணி தெரியுது.'

பீரோவுக்குள் ஆல்பம் ஆல்பமாய் இருக்கிறேன்.
மீசையோடு, மீசை இல்லாமல்,
கன்னத்தில் கை வைத்து, கோட்டு போட்டு,
சான்ஸ் கேட்டு அலைந்த காலத்தில்
ஜங்ஷன் ஸ்டுடியோக்காரன் எடுத்தவை.
எல்லாம் தனியாக.

கொஞ்சம் இருமினேன்.
ஒரு மூச்சு விட்டு, குரலைத் தாழ்த்தி,
'தனியா எடுத்த படம்னு ஒண்ணுகூட இல்லையேய்யா' என்றேன்.

அவர் இன்னொரு டேக் கேட்கவில்லை.